‘கோப்பைக் காணவில்லை’: புரோட்டியோமிக்ஸ் மென்பொருள்களின் பகிர்வு நூலகக் கோப்புகள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புரதங்களை மொத்தமாக ஆராயும் புரோட்டியோமிக்ஸ் துறையில், நிறை நிறமாலைமானித் தரவோடு மல்லுக்கட்டும் மாணவர்கள் என்னிடம் கேட்பவற்றில் பெரும்பகுதி புரதத்தைப் பற்றியதே அல்ல. மென்பொருள் ஏன் திறக்கவில்லை என்பதைப் பற்றியது. ஒரே பதிலை ஆளுக்கு ஒரு முறை எழுதுவதைவிட ஓரிடத்தில் வைத்துவிடலாம் என்று இதைத் தொகுத்திருக்கிறேன். அந்தத் தரவை மாற்றவும் ஆராயவும் உதவும் ஓப்பன்எம்எஸ், புரோட்டியோவிசார்ட், மேக்ஸ்குவான்ட் ஆகிய மென்பொருள்களே அதிகம் வரும். கோப்புப் பெயர்களையும் கட்டளைகளையும் ஒலிக்கும் விதத்தில் தமிழில் எழுதியிருக்கிறேன். கணினியில் ஆங்கில எழுத்துகளில்தான் தட்ட வேண்டும்.

1. மென்பொருளைத் திறந்தால் ‘ஏதோ ஒரு டிஎல்எல் இல்லை’ என்று வருகிறது. நான் எதையும் அழிக்கவில்லையே, அது என்ன கோப்பு?

எந்தச் செயலியும் எல்லா வேலையையும் தானே செய்வதில்லை. சுருக்கப்பட்ட தரவைப் பிரிப்பது, எக்ஸ்எம்எல் படிப்பது, திரையில் சன்னல் வரைவது போன்ற வேலைகளுக்கு வேறு கோப்புகளில் இருக்கும் நிரல்களை அழைத்துக்கொள்கிறது. பல செயலிகள் பொதுவில் எடுத்தாளும் இந்தக் கோப்புகளே பகிர்வு நூலகக் கோப்புகள். விண்டோஸில் டிஎல்எல், லினக்ஸில் எஸ்ஓ, மேக்கில் டைலிப் என்று முடியும். ஊர்ப் பொதுவில் வாங்கி வைத்திருக்கும் கல்யாண அண்டாக்களைப் போன்ற ஏற்பாடு இது: வீட்டுக்கு ஓர் அண்டா வேண்டாம், ஆனால் யாராவது ஒருவர் அதை இடம் மாற்றிவிட்டால் அடுத்த வீட்டுக் கல்யாணம் நின்றுவிடும்.

ஓப்பன்எம்எஸ்ஸைப் பாருங்கள். அதில் நூற்றுக்கு மேற்பட்ட சிறு கருவிகள் உண்டு. ஒவ்வொன்றும் மெலிந்த கோப்புதான். கணக்குப் போடும் நிரலெல்லாம் ஓப்பன்எம்எஸ் என்ற பெயரிலேயே உள்ள பெரிய நூலகக் கோப்புக்குள் இருக்கிறது. அந்த நூலகம் எக்ஸ்எம்எல்லுக்கு எக்ஸர்சஸ், சுருக்கத்துக்கு இசட்லிப், பொதுக் காரியங்களுக்கு க்யூட்டி, பூஸ்ட் என்று மற்ற நூலகங்களை நம்பியிருக்கிறது. சங்கிலியில் ஒரு கண்ணி போனால் அத்தனை கருவிகளும் ஒரே நேரத்தில் படுத்துவிடும்.

நீங்கள் எதையும் அழிக்கவில்லை என்பதை நம்புகிறேன். அந்தக் கோப்பு முதலிலிருந்தே உங்கள் கணினியில் இல்லாமல் இருக்கலாம். வைரஸ் தடுப்பு மென்பொருள் ஒதுக்கி வைத்திருக்கலாம். வேறொரு மென்பொருளின் புதுப்பிப்பு அதை மாற்றியிருக்கலாம்.

2. ஆய்வு வழிகாட்டி ‘லைப்ரரி ஃபைலை அனுப்பு’ என்கிறார். அதுவும் இந்த டிஎல்எல்லும் ஒன்றா?

இல்லை. அவர் கேட்பது நிறமாலை நூலகம்: ஏற்கெனவே அடையாளம் காணப்பட்ட பெப்டைடுகளின் (புரதத் துண்டுகளின்) நிறமாலைகளைத் தொகுத்து வைத்த தரவுக் கோப்பு. டிஐஏ-என்என், ஸ்கைலைன் போன்றவை தேடலுக்கு அதை எடுத்துக்கொள்கின்றன. அது தரவு, இது நிரல். அவருக்கு டிஎல்எல்லை அனுப்பிவைத்தால் சிரிப்பார், அல்லது சிரிக்க மாட்டார்.

3. எல்லாவற்றையும் ஒரே கோப்பாகத் திரட்டிக் கொடுத்துவிட்டால் இந்தத் தொல்லையே இருக்காதே? ஏன் அப்படிச் செய்வதில்லை?

சிலர் செய்கிறார்கள். நூலகத்தைச் செயலிக்குள்ளேயே பிணைத்துத் தருவது பழைய முறைதான். ஆனால் நூற்றுக்கு மேற்பட்ட கருவிகளுக்கும் அதே பெரிய நூலகத்தைத் தனித்தனியாகப் பிணைத்தால் வட்டில் இடம் போதாது. இசட்லிப்பில் ஒரு பாதுகாப்புக் குறை வெளிப்பட்டால் ஒரு கோப்பை மாற்றுவதற்குப் பதில் எல்லாச் செயலிகளையும் மீண்டும் தொகுக்க (மூல நிரலிலிருந்து இயங்கும் கோப்பாக்க) வேண்டும்.

புரோட்டியோமிக்ஸுக்கே உரிய காரணம் இன்னொன்று. நிறமாலைமானிக் கருவித் தயாரிப்பாளர்கள் தங்கள் தரவு வடிவத்தைப் படிக்கும் நிரலின் மூலத்தை வெளியிடுவதில்லை. தொகுக்கப்பட்ட டிஎல்எல்லாகத்தான் தருகிறார்கள். அதைக் கோப்பாகவே பக்கத்தில் வைத்து அழைப்பதைத் தவிர வேறு வழியில்லை.

4. காணாமல் போன அந்த ஒரு டிஎல்எல்லை மட்டும் இலவசமாகத் தரும் தளங்கள் இருக்கின்றன. இறக்கி, கோப்புறையில் போட்டால் போதும்தானே?

வேண்டாம். அந்தக் கோப்பு எந்தப் பதிப்பு, யார் தொகுத்தது, உள்ளே வேறு என்ன இருக்கிறது என்பதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை. டிஎல்எல் என்பது இயங்கும் நிரல். உங்கள் செயலிக்கு என்னென்ன அனுமதி உண்டோ அத்தனையும் அதற்கும் கிடைத்துவிடும்.

பெயரில் எம்எஸ்விசிபி140, விசிரன்டைம்140 என்று வந்தால் அது மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ இயக்கத் தொகுப்பைச் சேர்ந்தது. மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்தே முழுத் தொகுப்பையும் நிறுவுங்கள். வேறு பெயராக இருந்தால் புரோட்டியோமிக்ஸ் மென்பொருளின் நிறுவியை மறுபடி ஓட்டுங்கள். ஒற்றைக் கோப்பைத் தேடிப் போகும் தேவை அநேகமாக எப்போதுமே வருவதில்லை.

5. நிறுவப்பட்டவற்றின் பட்டியலில் விஷுவல் சி++ என்று ஏழெட்டு வரிகள் இருக்கின்றன. பழையவற்றை நீக்கிவிடலாமா?

நீக்காதீர்கள். 2010, 2013 ஆகிய ஆண்டுகளின் தொகுப்புகள் தனித்தனியானவை. ஒன்றின் வேலையை மற்றொன்று செய்யாது. 2015 முதல் 2022 வரையிலானவை மட்டும் ஒரே குடும்பம். புதியதை நிறுவினால் பழையதற்காகத் தொகுக்கப்பட்ட செயலிகளும் ஓடும். கருவித் தயாரிப்பாளர்களின் டிஎல்எல்கள் பலவும் பழைய தொகுப்புகளை நம்பியவை. அந்த ஏழெட்டில் எது யாருக்கு வேண்டும் என்று வெளியிலிருந்து சொல்ல முடியாது.

ஒவ்வொன்றிலும் 32 பிட், 64 பிட் என இரண்டு வகை உண்டு. இதில் விண்டோஸின் ஒரு வேடிக்கை: ‘சிஸ்டம்32’ என்ற கோப்புறையில் இருப்பவை 64 பிட் கோப்புகள், ‘சிஸ்வாவ்64’ என்பதில் இருப்பவை 32 பிட் கோப்புகள். பெயரைப் பார்த்து ஏமாந்து இடம் மாற்றி வைப்பவர்கள் ஏராளம்.

6. டிஎல்எல் கண்ணெதிரே அதே கோப்புறையில்தான் இருக்கிறது. ஆனாலும் ‘ஏற்ற முடியவில்லை’ என்கிறது. என்ன கொடுமை இது?

மூன்று காரணங்களை இந்த வரிசையில் பாருங்கள். முதலாவது, அந்த டிஎல்எல் இருக்கிறது. அது நம்பியிருக்கும் இன்னொரு டிஎல்எல் இல்லை. விண்டோஸின் பிழைச்செய்தி பல நேரங்களில் முதல் கோப்பின் பெயரை மட்டும் சொல்லிவிட்டு, உண்மையில் இல்லாத கோப்பைப் பற்றி வாய் திறப்பதில்லை. ‘டிபெண்டன்சீஸ்’ என்ற இலவசக் கருவியில் அந்த டிஎல்எல்லைத் திறந்தால் முழுச் சங்கிலியும் மரமாக விரியும். இல்லாதது எது என்று அங்கே தெரிந்துவிடும்.

இரண்டாவது, பிட் பொருத்தம். 64 பிட் செயலியால் 32 பிட் டிஎல்எல்லை ஏற்றவே முடியாது, மறுதலையும் அப்படித்தான். பழைய ஆய்வக நிரல்களில் இது சகஜம்.

மூன்றாவதைப் பலர் யோசிப்பதே இல்லை. இணையத்திலிருந்து வந்த ஸிப் கோப்புக்கு விண்டோஸ் ஒரு மறைமுகக் குறி இடுகிறது. விண்டோஸின் சொந்தக் கருவியால் அதைப் பிரித்தால் உள்ளே இருந்த ஒவ்வொரு கோப்புக்கும் குறி ஒட்டிக்கொள்ளும். மைக்ரோசாஃப்டின் டாட்நெட் இயக்கத் தளத்தில் ஓடும் செயலிகள் சில அப்படிக் குறியிட்ட டிஎல்எல்லை ஏற்ற மறுக்கும். ஸிப்பைப் பிரிப்பதற்கு முன்பே அதன் மேல் வலது சொடுக்கு, பண்புகள், ‘அன்பிளாக்’ பெட்டியில் டிக், பிறகு பிரியுங்கள். பிரித்த பின் ஒவ்வொரு கோப்பாக நீக்கிக்கொண்டிருப்பது வீண் வேலை.

7. மேக்ஸ்குவான்ட் டாட்நெட் வேண்டும் என்கிறது. புத்தம் புதிய டாட்நெட்டை நிறுவியிருக்கிறேன். இன்னும் என்ன வேண்டுமாம்?

புதியது பழையதற்கு ஈடு செய்யும் என்ற எண்ணம் இங்கே செல்லாது. டாட்நெட் கோர் செயலி, தான் கேட்கும் முதன்மைப் பதிப்பைத்தான் தேடும். 2.1 கேட்கும் செயலிக்கு 6 அல்லது 8 இருந்து பயனில்லை. மேக்ஸ்குவான்ட்டின் 2.0 தலைமுறை டாட்நெட் கோர் 2.1ஐக் கேட்டது, அதற்கு மைக்ரோசாஃப்டின் ஆதரவு 2021 ஆகஸ்டிலேயே முடிந்துவிட்டது. முடிந்தாலும் நிறுவலாம். பல பதிப்புகள் ஒரே கணினியில் ஒன்றையொன்று தொடாமல் அருகருகே இருக்கும் வகையில்தான் டாட்நெட் அமைந்திருக்கிறது. உங்கள் பதிப்பு எதைக் கேட்கிறது என்பதை அதன் நிறுவல் குறிப்பிலேயே பாருங்கள்; பக்கத்து ஆய்வகத்தில் என்ன நிறுவினார்கள் என்று கேட்டு வராதீர்கள்.

லினக்ஸில் ஓட்டுவோருக்கு: 2018இல் மேக்ஸ்குவான்ட் லினக்ஸுக்கு வந்தபோது மோனோ என்ற மாற்று இயக்கியில் ஓடியது. அந்தக் காலத்து வழிமுறைகள் இணையத்தில் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கின்றன. புதிய பதிப்புக்கு அவற்றைப் பின்பற்றினால் குழப்பமே மிஞ்சும்.

8. எங்கள் கருவியின் மூலத் தரவுக் கோப்புகளை லினக்ஸில் நேரடியாகத் திறக்க முடியுமா? சிலர் முடியும் என்கிறார்கள், சிலர் முடியாது என்கிறார்கள்.

இருவருமே சரி, யாருடைய கருவி என்பதைப் பொறுத்தது. தெர்மோவின் ‘ரா’ கோப்பைப் படிக்க முன்பு எம்எஸ்ஃபைல்ரீடர் என்ற விண்டோஸ் நூலகம்தான் இருந்தது. பின்னர் அந்த நிறுவனமே ராஃபைல்ரீடர் என்ற டாட்நெட் நூலகத்தை வெளியிட்டது. அது லினக்ஸிலும் மேக்கிலும் ஓடும். அதன் மேல் எழுந்ததுதான் தெர்மோராஃபைல்பார்சர் என்ற திறந்தமூலக் கருவி. லினக்ஸில் தெர்மோ தரவை மாற்ற வேண்டியவர்கள் அதை எடுத்துக்கொள்ளுங்கள், வேறெங்கும் அலைய வேண்டாம்.

புரூக்கரின் டிம்ஸ்டாஃப் கருவி தருவது கோப்பு அல்ல, ‘.டி’ என்று முடியும் கோப்புறை. உள்ளே ‘அனாலிசிஸ்.டிடிஎஃப்’ என்று ஒன்று இருக்கும். அது சாதாரண எஸ்க்யூலைட் தரவுத்தளம். எந்த எஸ்க்யூலைட் பார்வையாளரிலும் திறந்து பாருங்கள்: ‘ஃப்ரேம்ஸ்’ அட்டவணையில் ஒவ்வொரு சட்டகத்தின் நேரமும் வரிசையாக நிற்கும். ஆனால் அயனிகளின் அளவீடுகள் பக்கத்திலுள்ள இருமக் கோப்பில் சுருங்கிக் கிடக்கின்றன. அவற்றைத் துல்லியமான எம்/இசட் (நிறைக்கும் மின்னூட்டத்துக்கும் உள்ள விகிதம்) மதிப்புகளாக மாற்ற நிறுவனத்தின் டிம்ஸ்டேட்டா நூலகம் வேண்டும். விண்டோஸுக்கும் லினக்ஸுக்கும் அது கிடைக்கிறது, மேக்குக்கு இல்லை.

சையெக்ஸ், அஜிலன்ட், வாட்டர்ஸ் கருவிகளுக்குப் பெரும்பாலும் விண்டோஸ் டிஎல்எல்களையே நம்ப வேண்டியிருக்கிறது. சையெக்ஸ் தரவில் டிஎல்எல்லைப் பழிக்கும் முன் ஒன்றைச் சரிபாருங்கள்: ‘.விஃப்’ கோப்போடு அதே பெயரில் ‘.விஃப்.ஸ்கேன்’ கோப்பும் வந்திருக்கிறதா? நிறமாலைகள் இரண்டாவதில்தான் இருக்கின்றன. பென் டிரைவில் முதலாவதை மட்டும் நகலெடுத்து வந்துவிட்டு நூலகம் கெட்டுவிட்டது என்பார்கள்.

என் யோசனை எளியது. ஒரு விண்டோஸ் கணினியில் புரோட்டியோவிசார்ட்டின் எம்எஸ்கன்வர்ட்டைக் கொண்டு எல்லாவற்றையும் எம்இசட்எம்எல் ஆக்கிவிடுங்கள். ஹூப்போ என்ற மனிதப் புரோட்டியோம் அமைப்பின் தரக்குழு 2008இல் வெளியிட்டு, 2009இல் 1.1 பதிப்பாக நிலைபெறச் செய்த திறந்த வடிவம் அது. அதற்குப் பிறகு லினக்ஸ் பக்கம் எந்தத் தயாரிப்பாளரின் டிஎல்எல்லும் தேவையில்லை. டிம்ஸ்டாஃப் தரவுக்கு மட்டும் இதைச் சொல்லத் தயங்குவேன். மாற்றிய கோப்பு வட்டையே விழுங்கிவிடும்.

9. விண்டோஸ் செயலிகளை மற்ற இயங்குதளங்களில் ஓட்டும் வைன் இருந்தால் லினக்ஸிலேயே அந்த டிஎல்எல்களை ஓட்டலாம் என்கிறார்களே?

ஓட்டலாம், ஓட்டுகிறார்கள். புரோட்டியோவிசார்ட் குழுவினரே வைனோடு சேர்த்து ஒரு டாக்கர் பிம்பம் (செயலியையும் அதற்கு வேண்டிய நூலகங்களையும் ஒன்றாக அடைத்த பொதி) வெளியிடுகிறார்கள். ‘தயாரிப்பாளர் உரிமங்களுக்கு உடன்படுகிறேன்’ என்ற வாசகம் ஆங்கிலத்தில் அந்தப் பிம்பத்தின் பெயராகவே இருக்கிறது. பெயரைத் தட்டும்போதே கையொப்பமும் விழுந்துவிடுகிறது; சட்டமறிந்த யாரோ யோசித்த பெயர்.

பலர் பகிர்ந்துகொள்ளும் கணினித் தொகுதியான கல்லூரிக் கிளஸ்டரில் பெரும்பாலும் டாக்கர் இருக்காது, அதே வகையைச் சேர்ந்த சிங்குலாரிட்டி அல்லது ஆப்டெய்னர்தான் இருக்கும். அங்கே வைன் தன் கோப்புறை ‘உங்களுக்குச் சொந்தமானதல்ல’ என்று சொல்லி நின்றுவிடும். பிம்பத்தினுள் அந்தக் கோப்புறையின் உரிமையாளர் வேறொருவர், கிளஸ்டரில் நீங்கள் உங்கள் பயனர் எண்ணோடு ஓட்டுகிறீர்கள், அதுதான் சிக்கல். கோப்புறையை எழுதக்கூடிய ஓரிடத்துக்கு நகலெடுத்து, வைன்பிரிஃபிக்ஸ் மாறியை அங்கே திருப்பிவிடுங்கள்.

10. லினக்ஸில் எஸ்ஓ கோப்பைச் செயலியின் பக்கத்திலேயே வைத்தேன். விண்டோஸில் வேலை செய்தது, இங்கே ஏன் இல்லை?

தேடும் முறை வேறு. விண்டோஸ் பொதுவாகச் செயலி இருக்கும் கோப்புறையை முதலில் பார்க்கும். லினக்ஸ் அப்படிப் பார்ப்பதில்லை. செயலிக்குள் பதித்து வைத்த ஆர்பாத் அல்லது ரன்பாத் வழி, எல்டி_லைப்ரரி_பாத் என்ற சூழல் மாறி, எல்டிகான்ஃபிக் தொகுத்து வைத்த பட்டியல், கடைசியாகப் பொது நூலகக் கோப்புறைகள்: இவ்வளவுதான் அதன் சுற்று. இவற்றில் எங்கும் இல்லாவிட்டால், பக்கத்தில் இருந்தாலும் கண்ணுக்குத் தெரியாது.

எந்தக் கோப்பு எங்கிருந்து எடுக்கப்படுகிறது என்று பார்க்க ‘எல்டிடி’ கட்டளையைச் செயலியின் பெயரோடு கொடுங்கள். ஒவ்வொரு நூலகத்துக்கும் ஒரு வரி. அம்புக்குறிக்கு வலப்பக்கம் அது கிடைத்த இடம். கிடைக்காதவற்றுக்கு ‘நாட் ஃபவுண்ட்’ என்று இருக்கும். மறுநிறுவல் செய்வதற்கு முன் இதைச் செய்யச் சொல்லித்தான் எல்லோரிடமும் கெஞ்சுகிறேன். அம்புக்குறியின் வலப்பக்கத்தை நிதானமாகப் படித்தாலே பாதி வழக்கு தீர்ந்துவிடும்: ஓப்பன்எம்எஸ் இருப்பது ஓர் இடம், அதன் எக்ஸர்சஸ் வருவது யாரோ ஒருவருடைய பழைய கோண்டா (பொதிகளை நிறுவும் கருவி) கோப்புறையிலிருந்து. நம்பகமில்லாத செயலியின் மேல் மட்டும் எல்டிடியை ஓட்டாதீர்கள். சில சூழ்நிலைகளில் அது செயலியையே இயக்கிவிடும்.

11. எல்டி_லைப்ரரி_பாத்தை, முனையம் திறக்கும்போதெல்லாம் படிக்கப்படும் பாஷ்ஆர்சி கோப்பில் நிரந்தரமாக எழுதிவிட்டேன், ஓப்பன்எம்எஸ் ஓடுகிறது. இனிக் கவலையில்லையே?

ஓப்பன்எம்எஸ்ஸுக்குக் கவலையில்லை. மற்ற செயலிகளுக்கு இனிமேல்தான் ஆரம்பம். அந்த மாறி நீங்கள் இயக்கும் ஒவ்வொரு செயலிக்கும் செல்லும். ஆர், கிட், உரைத்தொகுப்பி எல்லாமே அங்கிருக்கும் இசட்லிப்பையும் க்யூட்டியையும் எடுக்கத் தொடங்கும். சில வாரம் கழித்துச் சம்பந்தமில்லாத ஒன்று முறியும்போது இந்த வரி யாருக்கும் நினைவிருக்காது. அந்த ஒரு செயலியை இயக்கும் சிறு உறைநிரலுக்குள் மாறியை வையுங்கள். அல்லது பேட்ச்எல்ஃப் கருவியால் செயலிக்குள்ளேயே வழியைப் பதியுங்கள்.

12. பூஸ்ட்டின் 1.74 இல்லை என்றது. என்னிடம் 1.83 இருந்தது. பழைய பெயரில் ஒரு சிம்லிங்க் (இன்னொரு கோப்பைச் சுட்டும் இணைப்பு) போட்டேன், ஓடுகிறதே! சரிதானே?

ஓடுவதுதான் ஆபத்து. பூஸ்ட் தன் கோப்புப் பெயரிலேயே பதிப்பெண்ணை முழுதாக எழுதுவது சும்மா இல்லை. ஒரு பதிப்புக்கும் அடுத்ததற்கும் உள்ளமைப்பு மாறும் என்பதால்தான். சி++ நூலகத்தில் ஒரு பொருளின் உறுப்புகள் நினைவகத்தில் இருக்கும் வரிசை மாறினால், செயலி பழைய வரிசையை நம்பி வேறெதையோ படிக்கும். உடனே விழுந்தால் அதிர்ஷ்டம். விழாமல் தவறான எண்ணை எழுதிக்கொண்டே போனால்?

இயங்குதளப் புதுப்பிப்புக்குப் பிறகுதான் இந்தக் கேள்வி வரும். சிம்லிங்கை நீக்கிவிட்டு, உங்கள் தற்போதைய இயங்குதளத்துக்கெனத் தொகுத்த பொதியை நிறுவுங்கள், அல்லது 14ஆம் பதிலில் உள்ளதுபோலத் தனிச் சூழலில் வையுங்கள்.

13. கிளஸ்டரில் ‘ஜிலிப்சி 2.3 சொச்சம் இல்லை’ என்று வருகிறது. நிர்வாகியிடம் அதை நிறுவச் சொல்லலாமா?

கேட்டுவிடாதீர்கள், அவருடைய முகம் மாறிவிடும். ஜிலிப்சி என்பது லினக்ஸின் அடித்தள நூலகம்; ஏறத்தாழ எல்லாமே அதன் மேல் நிற்கிறது. அதை மட்டும் தனியே மாற்றினால் கணினி எழுந்திருக்காமலே போகலாம். சென்ட்ஓஎஸ் 7இல் அது 2.17, உபுண்டு 20.04இல் 2.31, 22.04இல் 2.35. பழைய ஜிலிப்சியில் தொகுத்தது புதியதில் ஓடும். புதியதில் தொகுத்தது பழையதில் ஓடாது. உங்கள் மடிக்கணினியில் தொகுத்ததைக் கிளஸ்டருக்கு நகலெடுத்துச் சென்றால் இதுதான் நடக்கும்.

வழி இரண்டு: கிளஸ்டரிலேயே தொகுப்பது, அல்லது ஆப்டெய்னர் பிம்பத்தில் ஓட்டுவது. பிம்பத்துக்குள் அதன் சொந்த ஜிலிப்சி இருக்கிறது. வெளியில் இருப்பதைப் பற்றி அதற்குக் கவலையில்லை. பயோகன்டெய்னர்ஸ் திட்டத்தில் ஓப்பன்எம்எஸ் உள்படப் பலவற்றுக்கு ஆயத்தப் பிம்பங்கள் உண்டு.

14. ஓப்பன்எம்எஸ்ஸைப் பைத்தானிலிருந்து அழைக்கும் பைஓப்பன்எம்எஸ் நேற்று வரை ஓடியது. இன்று இம்போர்ட் செய்தாலே பிழை. நான் படங்களைக் கையாளும் ஓப்பன்சிவி மட்டும்தான் நிறுவினேன்.

‘மட்டும்தான்’ என்ற சொல்லில்தான் விஷயம் இருக்கிறது. பைத்தான் பொதிகள் பல தம்மோடு சொந்த நூலகங்களையும் சுமந்து வருகின்றன. பைத்தானின் நிறுவியான பிப் வழியாக வரும் ஓப்பன்சிவி பொதி லினக்ஸில் க்யூட்டியின் ஒரு படியைக் கொண்டுவரும். அதே சூழலில் வேறொரு க்யூட்டி இருந்தால், முதலில் ஏறியது எதுவோ அதுவே ஆளும். மற்றது ‘எக்ஸ்சிபி செருகியை ஏற்ற முடியவில்லை’ என்று புலம்பும். கோண்டாவில் பாதியும் பிப்பில் பாதியுமாக நிறுவியிருந்தால் சி++ இயக்க நூலகத்திலும் இதே இழுபறி.

ஒரு வேலைக்கு ஒரு சூழல் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஏற்கெனவே கெட்டதைச் சரிசெய்ய உட்காருவதைவிடப் புதிதாக ஒன்றை உருவாக்குவது விரைவு. கோண்டாத் தடங்களில் கோண்டா-ஃபோர்ஜ் முதலில், பயோகோண்டா அடுத்து. பயோகோண்டா லினக்ஸுக்கும் மேக்குக்கும்தான். விண்டோஸில் அதைத் தேட வேண்டாம்.

விண்டோஸ்காரர்களுக்கு ஒரு கூடுதல் செய்தி. பைத்தான் 3.8 முதல், நீட்சிகள் நம்பியிருக்கும் டிஎல்எல்களைப் பாத் மாறியில் தேடுவது நிறுத்தப்பட்டது. டிம்ஸ்டேட்டாவைப் பாத்தில் சேர்த்தும் பயனில்லை என்போர், ஓஎஸ் தொகுதியில் உள்ள ஆட்_டிஎல்எல்_டைரக்டரி என்ற செயற்கூறால் கோப்புறையைச் சொல்லிப் பாருங்கள்.

15. மேக்கில் மட்டும் என்ன தனிச் சிக்கல்?

சிப். 2020இன் இறுதியில் ஆப்பிள் தன் சொந்தச் சிப்புக்கு மாறியது. இன்டெலுக்குத் தொகுத்த டைலிப்பை ஆப்பிள் சிப்புக்குத் தொகுத்த செயலி ஏற்றாது. இரண்டும் ஒரே வகையாக இருக்க வேண்டும். மென்பொருள்களை நிறுவித் தரும் ஹோம்புரூ இன்டெல் மேக்கில் ஒரு கோப்புறையிலும் புதிய மேக்கில் வேறொன்றிலும் நிறுவுவதால், பழைய மேக்கிலிருந்து எல்லாவற்றையும் அப்படியே கொண்டுவந்தவர்களிடம் இரண்டும் கலந்து கிடக்கும். எல்டிடிக்குப் பதில் இங்கே ‘ஓடூல்’ கட்டளை. லினக்ஸ் பாணியில் சூழல் மாறியால் வழிகாட்டலாம் என்றால், 2015இல் வந்த எல் கேப்பிடன் முதல் இயங்குதளத்தின் பாதுகாப்பு அந்த மாறியைப் பல இடங்களில் பறித்துவிடுகிறது.

16. நானே மூலத்திலிருந்து தொகுத்தேன். பிழையின்றி முடிந்தது. ஓட்டினால் ‘வரையறுக்கப்படாத குறியீடு’ என்கிறது.

தொகுக்கும்போது பார்த்த நூலகம் ஒன்று, ஓட்டும்போது கிடைத்தது வேறொன்று. 10ஆம் பதிலில் சொன்ன எல்டிடியை ஓட்டி இரண்டும் ஒரே படியா என்று பாருங்கள். அந்தக் குறியீட்டின் பெயரில் ‘சிஎக்ஸ்எக்ஸ்11’ என்ற துண்டு தெரிந்தால் காரணம் இன்னும் தெளிவு: 2015இல் வந்த ஜிசிசி 5 தொகுப்பி, சரம் போன்ற அடிப்படை வகைகளின் உள்ளமைப்பை மாற்றியது. பழைய அமைப்பில் தொகுத்த நூலகத்தையும் புதிய அமைப்பில் தொகுத்ததையும் சேர்த்தால் இப்படித்தான் முரண்டு பிடிக்கும். எல்லாவற்றையும் ஒரே தொகுப்பியால் தொகுங்கள். கோண்டாச் சூழல் இயங்கிக்கொண்டிருக்கும் முனையத்தில் தொகுக்காதீர்கள்.

17. ஒரே மூலத் தரவுக் கோப்பு, ஒரே தேடல் அமைப்பு. என் கணினியில் ஓர் எண்ணிக்கை, தோழியின் கணினியில் வேறு எண்ணிக்கை. டிஎல்எல் காரணமாக இருக்குமா?

இருக்கும், அதுவும் நீங்கள் நினைப்பதைவிட அடிக்கடி. முதலில் சந்தேகிக்க வேண்டியது, தொடர் வளைவாக உள்ள நிறமாலையிலிருந்து தனித்தனி உச்சிகளைப் பிரிக்கும் படி (பீக் பிக்கிங்). எம்எஸ்கன்வர்ட்டில் தயாரிப்பாளரின் வழிமுறையைத் தேர்ந்தெடுத்தால் அந்த வேலையைச் செய்வது தயாரிப்பாளரின் டிஎல்எல். லினக்ஸில் ஏற்கெனவே மாற்றிய கோப்பின் மேல் வேறு வழிமுறையை ஓட்டினால் உச்சிகளின் இடமும் செறிவும் சற்றே மாறும். எல்லைக்கோட்டில் நின்ற பெப்டைடுகள் அந்தச் சின்ன மாற்றத்தில் இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ விழும்.

இன்னொரு பொறியும் உண்டு. தயாரிப்பாளரின் டிஎல்எல் மூலத் தரவின் மேல் மட்டுமே வேலை செய்யும். அதனால் எம்எஸ்கன்வர்ட்டின் வடிகட்டிப் பட்டியலில் உச்சி பிரித்தல் முதலில் இருக்க வேண்டும். வேறொரு வடிகட்டியை அதற்கு மேலே வைத்தால் ஓர் எச்சரிக்கை வரி ஓடி மறையும். யாரும் படிக்க மாட்டார்கள்.

எதை யார் செய்தார் என்று ஊகிக்கத் தேவையில்லை. எம்இசட்எம்எல் கோப்பைச் சாதாரண உரைக் கோப்பாகத் திறந்து தலைப்பகுதியைப் படியுங்கள். ‘சாஃப்ட்வேர்லிஸ்ட்’ பகுதியில் மாற்றிய மென்பொருளும் பதிப்பும் இருக்கும். ‘டேட்டாபிராசசிங்’ பகுதியில் செய்த படிகள் இருக்கும். தெர்மோவின் டிஎல்எல் உச்சி பிரித்திருந்தால் ‘தெர்மோ/எக்ஸ்காலிபர் பீக் பிக்கிங்’ என்று ஒரு வரியே அங்கு நிற்கும். தோழியின் கோப்பில் அது இல்லையென்றால் வழக்கு முடிந்தது. இரண்டிலும் ஒன்றே இருந்தால்தான் பதின்மக் கூட்டலின் வரிசை, இழைகளின் எண்ணிக்கை போன்ற நுண்காரணங்களுக்குப் போக வேண்டும். அவற்றால் வரும் வேறுபாடு பொதுவாகக் கடைசி இலக்கங்களில்தான் இருக்கும்.

இதனால்தான் ஆய்வுக் கட்டுரையின் செய்முறைப் பகுதியில் ‘எம்எஸ்கன்வர்ட் பயன்படுத்தினோம்’ என்று நிறுத்துவது எனக்குப் பிடிப்பதில்லை. பதிப்பெண்ணையும் உச்சி பிரித்த வழிமுறையையும் எழுதுங்கள்.

18. தயாரிப்பாளரின் டிஎல்எல்லை என் நிரலோடு சேர்த்து கிட்ஹப்பில் போட்டுவிடலாமா? எல்லோரும் போடுகிறார்களே.

எல்லோரும் போடுவதில்லை. ஓப்பன்எம்எஸ் பிஎஸ்டி உரிமத்திலும் புரோட்டியோவிசார்ட் அப்பாச்சி உரிமத்திலும் வருபவை. அவற்றின் சொந்த நிரலை விதிப்படி பகிரலாம். அவற்றோடு கூட வரும் தயாரிப்பாளர் டிஎல்எல்களுக்குத் தனி உரிமம் உண்டு. அதை அந்த நிறுவனத்தோடு பேசிப் பெற்றவர்கள் அவர்கள், நீங்கள் அல்ல. உங்கள் களஞ்சியத்தில் டிஎல்எல்லை எங்கிருந்து பெறுவது, எங்கே வைப்பது என்று எழுதிவிட்டுக் கோப்பை வெளியே விடுங்கள். தெர்மோராஃபைல்பார்சரைத் தனிச் செயலியாக அழைப்பது இன்னொரு நல்ல வழி; அதன் வெளியீட்டைப் படித்தால் போதும்.

19. கருவியோடு வந்த கணினி நல்ல வேகமானது. இரவில் சும்மாதான் இருக்கிறது. அதிலேயே மேக்ஸ்குவான்ட்டை நிறுவிக்கொள்ளட்டுமா?

கூடாது. அந்தக் கணினியில் கருவியை இயக்கும் மென்பொருள் குறிப்பிட்ட விஷுவல் சி++, குறிப்பிட்ட டாட்நெட், குறிப்பிட்ட டிஎல்எல் பதிவுகளோடு சேர்த்துச் சோதிக்கப்பட்டு நிறுவப்பட்டது. நீங்கள் நிறுவும் செயலி அவற்றில் ஒன்றைப் புதுப்பித்தாலோ வேறொரு படியைப் பதிவு செய்தாலோ மறுநாள் காலையில் கருவி இணைப்பு கிடைக்காமல் போகலாம். பராமரிப்புப் பொறியாளர் வந்து முதலில் கேட்கும் கேள்வி ‘இதில் புதிதாக என்ன நிறுவினீர்கள்’ என்பதுதான். பதில் உங்கள் பெயரோடு சேர்ந்து பதிவேட்டில் ஏறும்.

தரவை வலையமைப்பு வழியாக வேறு கணினிக்கு நகர்த்தி அங்கே ஆராயுங்கள். ‘.டி’ கோப்புறையோ வாட்டர்ஸின் ‘.ரா’ கோப்புறையோ ஆனால் முழுக் கோப்புறையாகவும், ‘.விஃப்’ ஆனால் 8ஆம் பதிலில் சொன்ன இணைக் கோப்போடும் நகர்த்துங்கள். ஓட்டம் முடிவதற்கு முன் நகலெடுக்காதீர்கள்.